ஆறிப்போன பதினாறு இலைகள்

கோவிந்தாபுரம்
செவ்வாய்க்கிழமை

அன்புள்ள பிரகாஷ் அண்ணனுக்குத் தங்கை தமிழ்ப்ரியா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். அப்பா இரண்டு நாளாக எங்களோடு சரியாகப் பேசவில்லை. அதையும் நலம் என்று எடுத்துக்கொண்டால் நலம்தான்.

வாட்ஸ்அப்பில் அவ்வளவு எழுதினேன், நீ ஒரு கட்டைவிரலைப் போட்டாய். அதனால்தான் வண்டிப்பெரியார் லாட்ஜுக்கு இதைக் கூரியரில் அனுப்புகிறேன்.

ஏழு வருடமாகச் சாப்பாட்டைப் படம் பிடிக்கிறாய். கள்ளுக்கடை மீன்கறி, பள்ளிவாசல் நோன்புக்கஞ்சி, இப்போது எஸ்டேட் தொழிலாளர்களின் மத்தியானச் சோறு. விருதும் வாங்கினாய், சந்தோஷம். ஆனால் ஞாயிற்றுக்கிழமை நம் வீட்டில் நடந்தது என் கல்யாணப் பேச்சு. பதினாறு பேர் இலை முன்னால் உட்கார்ந்திருக்க, சோற்றில் ஆவி தெரிய வேண்டும், வெயில் ஜன்னலுக்கு வரட்டும், யாரும் கை வைக்காதீங்க என்றாய். ஆறியதும் அம்மாவை மறுபடி சூடாகப் போடச் சொன்னாய். ஒரு தடவையா, மூன்று தடவை. சாம்பாரை எப்படி ஊற்றுவது என்று அம்மாவுக்கே பாடம் வேறு.

மாப்பிள்ளையின் அத்தை கருப்பாத்தாள், "ஏனுங்க தம்பி, சோத்துக்குக் கூப்டீங்களா, படம் புடிக்கக் கூப்டீங்களா" என்று கேட்டபோதாவது நிமிர்ந்து பார்த்திருக்கலாம். நிழல் விழுகிறது, கொஞ்சம் தள்ளி உட்காருங்க என்றாய். அவர் எழுந்தார், கூடவே மற்றவர்களும். பெண் வீட்டில் கை நனைக்காமல் எழுந்து போனால் சம்பந்தம் வேண்டாம் என்றுதானே அர்த்தம்? இதையும் நான்தான் உனக்குச் சொல்ல வேண்டுமா? நீயோ சாயங்காலமே பஸ் ஏறிவிட்டாய்.

நேற்று அப்பா கொல்லங்கோட்டுக்குப் போய் அவர்களிடம் மன்னிப்புக் கேட்டார். அப்பா யாரிடமும் தலை குனிந்து நான் பார்த்ததில்லை. அத்தை ஒரு வழியாக இறங்கி வந்திருக்கிறார். வெள்ளிக்கிழமை மறுபடி வருவார்களாம். பெண்ணின் அண்ணன் தன் கையால் பரிமாற வேண்டுமாம். நீ வராவிட்டால் பேச்சு அத்தோடு முடிந்தது.

அன்று உனக்கு ஷூட்டிங் என்று தெரியும். எஸ்டேட்டில் சனிக்கிழமையும் சோறு வேகும். கேமராவை லாட்ஜிலேயே வைத்துப் பூட்டிவிட்டு வா.

இன்னொன்று. அம்மாவிடம் சொல்லாதே. எல்லோரும் எழுந்தபோது மாப்பிள்ளை கோபிநாத் உடனே எழவில்லை. அந்த ஆறின சோற்றில் ஒரு வாய் பிசைந்து சாப்பிட்டுவிட்டுத்தான் எழுந்தார். அவர் அத்தை பார்க்கவில்லை. சமையலறை வாசலில் நின்ற நான் பார்த்தேன். உன் கேமராவும் அப்போது அந்த இலையைத்தான் படம் பிடித்துக்கொண்டிருந்தது.

அதை மட்டும் அழித்துவிடாதே அண்ணா.

கோபம் தீராத தங்கை,
தமிழ்ப்ரியா