நீ ஓட்டாத இரண்டு பந்தயங்கள்

இன்று காலை பேச்சிப்பாறைப் பக்கமிருந்து மலையிறங்கி வந்த ஒரு கார் மார்த்தாண்டத்தில் என் ஒர்க்‌ஷாப் வாசலில் நின்றது. பிரேக் கருகிய வாடை. ஓட்டி வந்தவர் பயந்துபோயிருந்தார். எனக்கு உன் நினைவு வந்தது. ஒவ்வொரு பந்தயம் முடிந்தும் அந்த வாடையோடுதான் நீ வந்து நிற்பாய். மாரடைப்பில் நீ போய் இரண்டு மாதம் ஆகிறது.

இருபத்தெட்டு வருடம் நீ கார்ப் பந்தயம் ஓட்டினாய். அத்தனை வருடமும் உன் வண்டிக்கு மெக்கானிக் நான். நீ ஓட்டுவது என்ன வண்டி என்று ஊரில் பலருக்குக் கடைசிவரை விளங்கவில்லை. டிவியில் காட்டுகிற, ஓர் ஆள் மட்டும் உட்காரும் வண்டி அல்ல. வீட்டு வாசல்களில் நிற்கும் அதே கார்தான். பின்சீட்டைக் கழற்றிவிட்டு, உள்ளே இரும்புக் கூண்டு பொருத்தி, கதவோடு கதவு உரசுகிற நெருக்கத்தில் ஓட்ட வேண்டும். அருமனையில் ரப்பர் ஷீட் ஏற்றும் உங்கள் ஜீப்பில்தான் நீ வளைவுகளைப் பழகினாய். “வண்டிய பிடிச்சுத் திருப்பாத மக்கா, அது திரும்பட்டு” என்பாய்.

தனித்தனிப் பந்தயங்கள் நிறைய ஜெயித்திருக்கிறாய். எல்லாப் பந்தயங்களின் புள்ளிகளையும் கூட்டி வருட முடிவில் கொடுக்கும் சாம்பியன் கோப்பை மட்டும் கிடைக்கவில்லை. ஒரு தடவை கியர்பாக்ஸ் உடைந்தது, ஒரு தடவை மழை. நாற்பத்தொன்பது வயதில், இரண்டு பந்தயங்கள் மிச்சமிருக்க, முதன்முறையாகப் புள்ளிகளில் நீ முன்னால் இருந்தாய்.

அந்த வருடம் உன் வண்டியின் இடது கதவில் மட்டும் மற்ற வண்டிகளின் பெயின்ட் ஒட்டியிருந்தது. முதலில் சிவப்பு, அடுத்து நீலம். மூன்றாவது பந்தயத்தில் இடப்பக்கக் கண்ணாடியே போயிற்று. வலப்பக்கம் ஒரு கீறல் கிடையாது. கேட்டதற்கு, “அவனுவ வந்து இடிக்கானுவ” என்றாய்.

மிச்சமிருந்த இரண்டில் முதல் பந்தயத்துக்காகக் கோவைக்குப் புறப்பட்ட அன்று வடசேரி பஸ் ஸ்டாண்டு எதிரே சாயா குடிக்க உட்கார்ந்தோம். உன் கிளாஸை வேண்டுமென்றே உனக்கு இடப்பக்கம் வைத்தேன்.

“எனக்க சாயா எங்க லே?”

“ஒனக்க கைப்பக்கத்துலதான் இருக்கு.”

தலையை முழுதாகத் திருப்பிய பிறகே நீ அதைக் கண்டாய். எடுக்கவில்லை.

“கண்ணு டாக்டர்ட்ட போனியா? என்ன சொன்னாரு?” என்று கேட்டேன்.

“நரம்பு போச்சாம். இடது கண்ணு இனி தெளியாதாம்.”

“எப்பம் தொட்டு?”

“போன வருசம். ஆரிட்டயும் சொல்லாண்டாம் மக்கா. ரெண்டு ரேஸுதான உண்டு.”

உன் கிளாஸை எடுத்து உனக்கு வலப்பக்கம் வைத்தேன். அதை நீ சம்மதம் என்று எடுத்துக்கொண்டாய்.

மறுநாள் காலை, வண்டிக்குப் பணம் போடும் நம் அணியின் முதலாளியிடம் போய் உன் கண்ணைப் பற்றிச் சொன்னேன். உன் இடப்பக்கம் வரும் வண்டிகளிலும் ஆட்கள் இருந்தார்கள். அவர்களில் இரண்டு பேரை எனக்கு நன்றாகத் தெரியும். முதலாளி உன்னைக் கூப்பிட்டுப் பேசினார். நீ சண்டை போடவில்லை. கையுறைகளைக் கழற்றி வண்டியின் பானட் மேல் வைத்துவிட்டு, பார்வையாளர் வரிசையில் போய் உட்கார்ந்து பந்தயம் முழுவதையும் பார்த்தாய். வேறொருவர் ஓட்டி, உன் வண்டி ஐந்தாவதாக வந்தது. அடுத்த பந்தயத்துக்கு நீ வரவேயில்லை. கோப்பை வேறு யாருக்கோ போனது.

மூன்று வருடம் நாம் பேசவில்லை. ஒருநாள் சந்தையில் என்னைக் கண்டதும் நீ சாலையைக் கடந்து எதிர்ப்பக்கம் போனாய். கடக்கும் முன் கழுத்தை நன்றாக இடப்பக்கம் திருப்பிப் பார்த்ததை நான் கவனித்தேன்.

பிறகு ஒரு மத்தியானம், உன் மனைவி காரை ஓட்டிவந்து என் ஒர்க்‌ஷாப்பில் உன்னையும் காரையும் விட்டுவிட்டுக் கடைக்கு நடந்து போனாள். நீ சாவியை நீட்டினாய்.

“கிளட்ச் வழுக்குது. ஓட்டிப் பாரு.”

என் பக்கத்து சீட்டில் நீ உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. அருமனைச் சாலையில் பாதி தூரம் போன பின் பேசினாய்.

“அன்னைக்கு ஓட்டியிருந்தா நான் ஜெயிச்சிருப்பேன்.”

“தெரியும்.”

“நீ செஞ்சது சரின்னு எனக்க வாயில இருந்து வராது, கேட்டியா.”

“நான் கேக்கல்லியே.”

நீ ரப்பர் மரங்கள் பக்கம் திரும்பினாய். “கிளட்ச் மாத்தணும்,” என்றாய்.

அதன்பின் வாரம் ஒருமுறை வந்தாய். எதையாவது குறை சொல்லிவிட்டுப் போவாய். அந்தப் பேச்சை இருவருமே மறுபடி எடுக்கவில்லை.

நீ இறந்த செய்தியில், கண் நோயால் நீயே ஓய்வு பெற்றதாகப் பத்திரிகையில் போட்டிருந்தார்கள். யார் அப்படிச் சொன்னார்களோ தெரியாது. அதைப் படித்தவர்கள் ஒர்க்‌ஷாப்புக்கு வந்து, இவ்வளவு ஓட்டியும் ஏன் ஒரு கோப்பை இல்லை என்று கேட்கிறார்கள். கையில் இருக்கும் வேலையை வைத்துவிட்டு அவர்களிடம் உள்ளதைச் சொல்கிறேன். அந்த வருடம் கோப்பை உன்னுடையதுதான். கடைசி இரண்டு பந்தயங்களை உன்னை ஓட்டவிடாமல் செய்தவன் நான்.