செங்கல் நிற வண்டல்

1934 ஜூன் 4, திங்கள்

வெயில். மூன்று மணி வரை கடல்காற்று இல்லை. மருந்துக்கடைப் பின்கட்டில் சாராய விளக்கைப் பற்றவைத்தால் சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்கிறது.

இன்று சிறுநீர்ச் சோதனை ஆறு. ஐந்து நீலம். ஒன்று சிவப்பு. அந்த ஒன்று என் தங்கை செலினுடையது.

அவளுக்குப் பிள்ளை பிறந்து இருபத்திரண்டு நாள். ஒரு வாரமாக அவளுக்குத் தாகம், அசதி. பால் கொடுக்கிறவளுக்குத் தாகம் எடுக்காதா என்று அம்மாவிடம் நான்தான் சொன்னேன். டாக்டர், எதற்கும் பார்த்துவிடுவோம் என்று சீட்டு எழுதினார். நீலத் திராவகத்தில் ஊற்றிக் கொதிக்கவைத்ததும் பச்சை, பிறகு மஞ்சள், பிறகு அடியில் செங்கல் நிற வண்டல். மறுபடி செய்தேன். மறுபடி வண்டல்.

அப்பாவுக்கும் இதே நிறம். எட்டு வருஷம் ஆகிறது, நான் வேலையில் சேர்ந்த புதிது. நான் பார்த்த முதல் சிவப்பு அவருடையது. சர்க்கரை வியாதி. கால் புண்ணோடு ஏழு மாதம் கிடந்து போய்ச்சேர்ந்தார். கொல்லையில் அவர் போய்வந்த இடமெல்லாம் எறும்பு.

சீட்டில் அச்சடித்த பிரெஞ்சு வரி ‘சூக்ர் ரெதுய்க்தேர்’, சர்க்கரை இருக்கிறதா என்று கேட்கிற வரி. எதிரே உண்டு, இல்லை என்று எழுதினால் போதும். நான் அந்த வரியை அடித்துவிட்டு ‘க்ளுகோஸ், உண்டு’ என்று எழுதினேன். இங்கே எல்லாரும் அப்படித்தான். நீளமான சொல்லுக்கு யார் மெனக்கெடுகிறார்கள். கையெழுத்து நன்றாகவே விழுந்திருந்தது.

ஜூன் 5, செவ்வாய்

டாக்டர் வீட்டுக்கே வந்தார். அப்பாவைப் பார்த்தவரும் அவர்தான்.

நிறுத்த வேண்டியவை: சோறு, ரொட்டி, வெல்லம், வாழைப்பழம், கிழங்கு.
சாப்பிடலாம்: மீன், முட்டை, கீரை, பாகற்காய்.
ஊசி மருந்து கப்பலில் வர வேண்டும். எப்போது என்று தெரியாது.
கடைசியாக ஒன்று. குழந்தைக்குத் தாய்ப்பால் கூடாது. இந்த வியாதியோடு பால் கொடுத்தால் உருகிப்போவாளாம்.

செலின் குழந்தையை மடியில் இன்னும் கொஞ்சம் இழுத்துக்கொண்டாள்.

பூ வாங்க என்னைத்தான் அனுப்பினார்கள். மல்லிகை, நாலு முழம். பூக்காரி “வூட்ல விசேஷமா?” என்றாள். ஆமாம் என்றேன். வேறு என்ன சொல்ல.

அம்மா புலம்பிக்கொண்டே பூவை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். “பால் வத்திப்பூடும்னு மூணு வாரமா தலையில ஒரு பூ வெக்க வுடல. இப்ப நானே மாருல வெச்சுக் கட்டறேன் பாரு.”

குருசுக்குப்பத்து மீன்காரி வழக்கம்போலப் பால்சுறா கொண்டுவந்தாள். அம்மா வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டாள். பால் ஊறத்தான் அந்தச் சுறாப்புட்டு. நேற்று வரை தினம் அதுதான்.

ஜூன் 7, வியாழன்

குடை தொலைந்தது. கோயிலிலா, கடையிலா, நினைவில்லை.

குழந்தைக்குப் பசும்பால், பாதி தண்ணீர். குடிக்கிறான், கக்குகிறான். லூயி என்று பெயர் வைத்தோம். அம்மா ‘ராசா’ என்றுதான் கூப்பிடுகிறாள். ராசாவுக்குத் தொண்டை கட்டிவிட்டது.

செலினுக்கு மார் கட்டிக்கொண்டு காய்ச்சல். வீடு முழுக்க மல்லிகை வாசனை.

பக்கத்து வீட்டு ஜன்னலில்: “அப்பனுக்கு இருந்தா பொண்ணுக்கு வராமப் பூடுமா?” நானும் இதைத்தான் நினைத்தேன். நான் படித்தவன், அவ்வளவுதான் வித்தியாசம்.

மாப்பிள்ளை சைகோனில். கடிதம் எழுத உட்கார்ந்தேன். ‘அன்புள்ள மாப்பிள்ளைக்கு, இங்கு யாவரும் நலம்.’ அதோடு நிறுத்திவிட்டேன்.

ஜூன் 9, சனி

இரண்டாவது சோதனை. முதல் தடவையைவிடச் சிவப்பு. குழாயில் கால்வாசி வண்டல். நாலு நாளாகச் சோறே தின்னாதவளுக்குச் சர்க்கரை ஏறுகிறது. எங்கிருந்து?

டாக்டர் சீட்டைப் பார்த்துத் தலையாட்டினார். நல்லவேளை, பாலை நிறுத்தினோம் என்றார். இன்று மாலை காரைக்காலுக்குப் போகிறார். வெள்ளிக்கிழமைதான் வருவார். அதுவரை எதையும் மாற்றக் கூடாது என்று அம்மாவிடம் தனியாகச் சொல்லிவிட்டுப் போனார்.

வீட்டுக்கு வந்தால் சிங்காரத்தின் துண்டுக்காகிதம். முதலியார்பேட்டைப் பள்ளிக்கூட வாத்தியார், என் பழைய சிநேகிதன். ரசாயனச் சொல்லையெல்லாம் தமிழில் கொண்டுவந்தே தீருவேன் என்று பட்டியல் போட்டுக்கொண்டிருக்கிறான். எழுதியிருப்பது: ‘சூக்ர் ரெதுய்க்தேர், இதற்குப் பொருள் ஒரு வரி, பயன்பாடு ஒரு வரி. திங்களுக்குள் வேண்டும். உன்னைவிட்டால் எனக்கு யார்?’

அவனுக்கென்ன. காகிதத்தைச் சட்டைப்பையில் போட்டேன்.

ஜூன் 10, ஞாயிறு

பூசைக்குப் போய்வந்தேன். பிரசங்கம் ஒன்றும் காதில் ஏறவில்லை. குழந்தைக்கு வயிற்றுப்போக்கு ஆரம்பம்.

மனசைத் திருப்ப சிங்காரத்தின் வேலையை எடுத்தேன். எழுதியது:

‘செப்பு உப்பிலிருந்து பிராணவாயுவைப் பறித்து நீலத்தைச் சிவப்பாக்கும் சர்க்கரை. ஒன்றல்ல, பல. க்ளுகோஸ், பழச் சர்க்கரை, முளைத் தானியச் சர்க்கரை, பால்’

அங்கே கை நின்றுவிட்டது.

பால் சர்க்கரையும் சிவப்பாக்கும். தெரியாத விஷயமா? படித்து, ஒப்பித்து, பரீட்சை எழுதித் தேறியவன் நான். தூள் மருந்து மடிக்கும்போது தினமும் கலப்பதே பால் சர்க்கரையைத்தான். எட்டு வருஷமாகக் கையால் அளைகிற சாமான்.

பழைய பிரெஞ்சுப் புத்தகத்தைத் தேடி எடுத்தேன். பொடி எழுத்தில் அடிக்குறிப்பு. பால் கொடுக்கும் பெண்களின் நீரில் பால் சர்க்கரை காணப்படும், அது நோயல்ல. பால் மாரில் தேங்கினால் இன்னும் மிகும்.

தேங்கினால் மிகும். நாங்கள்தான் பூ வைத்துக் கட்டித் தேக்கினோம். அதனால்தான் நேற்று அவ்வளவு சிவப்பு.

இல்லை, அவசரப்படக் கூடாது. அப்பாவுக்கு இருந்தது நிஜம். இவளுக்கும் இருக்கலாம். ஒரு தடவை ‘உண்டு’ என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். இந்தத் தடவை நிச்சயமாகத் தெரியாமல் வாயைத் திறக்க மாட்டேன்.

ஜூன் 11, திங்கள்

மு.ப.: ரொட்டிக்கடையில் மாவு புளிக்கவைக்கும் ஈஸ்டு கேட்டேன். ஒரு கரண்டி கொடுத்தார்கள். “வூட்லயே ரொட்டி சுடப்போறீங்களா முசியே?” சிரித்துவைத்தேன்.

க்ளுகோஸ் இருந்தால் ஈஸ்டு பொங்கும், குமிழி விடும். பால் சர்க்கரையை அது சீண்டாது. இரண்டையும் பிரிக்க இதுதான் வழி.

மூன்று குழாய். ஒன்றில் நெல்லித்தோப்புப் பெரியவர் ஒருவரின் நீர், பழைய சர்க்கரை நோயாளி. ஒன்றில் தண்ணீரில் கரைத்த பால் சர்க்கரை. ஒன்றில் செலின். மூன்றிலும் ஈஸ்டு போட்டுக் கவிழ்த்துவைத்திருக்கிறேன். நாளைக் காலை தெரியும்.

குழந்தைக்கு எட்டுத் தடவை போய்விட்டது. அம்மா ஓமத் தண்ணீர் கொடுக்கிறாள்.

க்ளுகோஸ் என்று வந்துவிடக் கூடாதா என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். அப்படி வந்தால் என் மேல் பிழை இல்லை. தங்கைக்கு வியாதி இருக்கட்டும் என்று நினைத்தவன் நான். இதையும் எழுதிவைக்கிறேன்.

ஜூன் 12, செவ்வாய்

பெரியவர் குழாய்: பாதிக்கு மேல் காற்று. பால் சர்க்கரை: ஒன்றுமில்லை. செலின்: ஒன்றுமில்லை. ஒரு குமிழிகூட இல்லை.

கடையில் சொல்லிக்கொள்ளாமல் வீட்டுக்கு ஓடினேன். அம்மா அடுப்படியில் இருந்தாள். மார்க்கட்டை அவிழ்த்துவிடு, அது வியாதி இல்லை, பால்தான் என்றேன்.

“நீதானடா இருக்குன்னே.”

“தப்பா எழுதிட்டம்மா.”

“ரெண்டு தபா பார்த்தே. ரெண்டு தபாவும் சேப்புன்னே. இப்ப ரொட்டி மாவப் போட்டுப் பார்த்து இல்லேன்றே. ஒங்கப்பன வாரிக் குடுத்தவ நான். டாக்டரு வரட்டும்.”

“அதுவரைக்கும் புள்ள தாங்காதும்மா. நான் செலின்கிட்டச் சொல்றேன்.”

“என்னா சொல்லுவே? மாரு, பாலுன்னு தங்கச்சிகிட்ட அண்ணன் பேசற பேச்சா இது? பச்ச ஒடம்புக்காரி. அவளப் போயி கொழப்பாத.”

செலின் அறை வாசல் வரை போனேன். சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். “என்னாண்ணே?” என்றாள்.

“காபி குடிச்சியா?” என்று கேட்டுவிட்டுத் திரும்பிவிட்டேன்.

என்னை என்ன சொல்லித் திட்டுவது என்று தெரியவில்லை. பொய்யை நம்பினார்கள். உண்மையை நம்பவைக்க எனக்குத் துப்பில்லை.

ஜூன் 13, புதன்

புழுக்கம். காரைக்காலுக்குத் தந்தி அடித்தேன். பதில் இல்லை.

குழந்தைக்குக் கண் உள்ளே போய்விட்டது. அழுகை பூனைக்குட்டி சத்தம் அளவுக்கு.

ஜூன் 14, வியாழன்

அதே. தந்திக்குப் பதில் இல்லை. வாசல் வரை இரண்டு தடவை போனேன். ஒரு தடவை அம்மா உள்ளே இருந்தாள். ஒரு தடவை இல்லை. அப்போதும் பேசவில்லை.

ஜூன் 15, வெள்ளி

டாக்டர் வந்ததும் வாசலிலேயே எல்லாவற்றையும் சொன்னேன். கைப்பெட்டியைத் திண்ணையில் வைத்தார். பிறகு, சீட்டில் க்ளுகோஸ் என்றுதானே இருந்தது என்று கேட்டார். ஆமாம் என்றேன். இன்னொரு தடவை பார்த்துவரச் சொன்னார்.

பார்த்தேன். நீலம். துளி வண்டல் இல்லை. இவ்வளவு சுத்தமான நீலத்தைப் பார்த்து இதுவரை பயந்ததில்லை.

அம்மாவிடம் டாக்டர், “சர்க்கரை இல்லை, குழந்தைக்குப் பால் கொடுக்கலாம்” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். அம்மா மாதா படத்துக்கு மெழுகுவத்தி ஏற்றினாள். “பாத்தியா, பத்தியம் இருந்ததுக்குப் பலன்” என்று என்னிடமே சொல்கிறாள்.

கட்டை அவிழ்த்தார்கள். காய்ந்த பூ ஒரு முறம் விழுந்ததாம். குழந்தையை மாரில் வைத்துவைத்துப் பார்த்தார்கள். கதவுக்கு வெளியே நின்றிருந்தேன். உள்ளேயிருந்து செலின் குரல்: “சர்க்கர போயிடுச்சு, சரி. பால் எங்கண்ணே?”

குருசுக்குப்பத்துக்கு ஓடினேன், பால்சுறா வாங்க. மீன்காரி என் முகத்தைப் பார்த்துவிட்டு விஷயத்தைக் கேட்டாள். “சுறா தின்னு எப்ப ஊற? எம் மருமவளுக்குப் பால் கட்டிக் கெடக்குது. காலைல இட்டாரேன் சாமி.” அழுதுவிட்டேன்.

ஜூன் 16, சனி

அந்தப் பெண் விடியும்போதே வந்துவிட்டாள். அம்மா மறுபேச்சுப் பேசாமல் பாய் விரித்தாள். குழந்தை வாயில் பால் விழுந்தது. விழுங்கவில்லை. கடைவாய் வழியாக வழிந்தது.

ஒன்பதரை மணிக்கு.

ஜூன் 17, ஞாயிறு

அடக்கம். வண்டியில் பெட்டியை நானே மடியில் வைத்துக் கொண்டுபோனேன். சிங்காரம் வந்திருந்தான். காகிதத்தைப் பற்றிக் கேட்கவில்லை.

வந்தவர்கள் எல்லாரும் அம்மாவிடம்: “பெரிய உசுரு தப்பிச்சுதே, அதுவே கடவுள் புண்ணியம்.” அம்மாவும் ஆமாம் என்கிறாள்.

ஜூன் 18, திங்கள்

கடைக்குப் போகவில்லை. சிங்காரத்துக்கு எழுதி முடித்தேன்.

‘பொருள்: செப்பு உப்பிலிருந்து பிராணவாயுவைப் பறித்து நீலத்தைச் சிவப்பாக்கும் சர்க்கரை. ஒன்றல்ல, பல. க்ளுகோஸ், பழச் சர்க்கரை, முளைத் தானியச் சர்க்கரை, பால் சர்க்கரை. கரும்புச் சர்க்கரை இதில் சேராது.

பயன்பாடு: பால் கொடுக்கும் தாயின் நீரிலும் இச்சர்க்கரை இருக்கும். அது நோயல்ல. அதை க்ளுகோஸ் என்று எழுதுவது பிழை.’

மை காயட்டும் என்று மேஜையில் விட்டுவிட்டுக் கொல்லைக்குப் போனேன். மறந்து விட்டேனா, வேண்டுமென்றே விட்டேனா, எனக்கே தெரியவில்லை. திரும்பி வந்தால் செலின் அதைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறாள். மடத்துப் பள்ளியில் படித்தவள். படித்து முடித்து, மறுபடி முதல் வரியிலிருந்து படித்தாள்.

“இது ஒனக்கு எப்பத் தெரியும்?”

“பத்தாந்தேதி.”

விரல் விட்டு எண்ணினாள். காகிதத்தை இருந்த இடத்திலேயே வைத்தாள்.

“பத்தாந்தேதி எனக்குப் பால் இருந்துச்சுண்ணே.”