ஆஸ்திரேலியா இலை போட்ட சாயோ

அக்கா,

ஆமாம், சிட்னியிலிருந்து நீ அனுப்பிய எலுமிச்சை வாசனை இலையை இன்றைக்கே தீர்த்துவிட்டேன். அம்மா சைகோனில் கற்றுவந்த சாயோதான், அரிசித்தாளில் சுருட்டிப் பொரிக்கப் பன்றிக்கறி பிசைந்து வைத்திருந்தாள். வேண்டுமென்றேதான் இலையை அதில் அள்ளிக் கொட்டினேன். சோப்பு மாதிரி நாறட்டும், நிச்சயத்துக்கு வந்த பெண் வீட்டார் முகம் சுளித்துத் தங்கள் ஊர் சோரியாங்குப்பத்துக்கே திரும்பட்டும் என்று.

பாவிகள், மீன் சாற்றில் தொட்டுத் தொட்டுத் தட்டையே காலி செய்தார்கள்!

"இன்னாமா வாசனை! யார் சுருட்டனது?" என்றார் பெண்ணின் அப்பா.

"உங்க மாப்ளதான்," என்றாள் அம்மா.

"படிப்ப வுட்டா வுட்டுட்டுப் போறான். எங்க வூட்டோட வந்துடட்டும், கடை வெச்சித் தரேன். தினம் இதையே போடட்டும்!"

எல்லோரும் கைதட்டினார்கள். அங்கே வந்து படிக்க நீ அனுப்பிய விசா பாரம் என் சட்டைப்பையிலேயே கிடக்கிறது. அம்மா மோதிரத்தோடு கூப்பிடுகிறாள். நான் போக வேண்டும்.

உன் தம்பி