குற்றவாளி வீட்டுப் பச்சைக் கதவு

மார்ச் 4, புதன்

இன்றைக்கும் எங்கள் கண்ணாடிக் கடையில் அதே பேச்சுதான். மூக்குக் கண்ணாடி மாற்ற வந்தவர் ஒருவர், "உங்க வீட்லதானே அந்தப் பொண்ண ஒளிச்சு வச்சிருக்காங்க?" என்றார். "ஆமா சார். முதல்ல இந்தக் கண்ணாடியப் போட்டுக்குங்க, அப்புறம் வந்து தேடலாம்" என்றேன்.

டி.வி. நாடகக்காரர்கள் வீட்டை வாடகைக்குக் கேட்டபோது கதவுக்குப் பச்சை அடிப்போம் என்றுதான் சொன்னார்கள். தெருவிலேயே சந்தேகப்பட வேண்டிய வீடாக்குவோம் என்று சொல்லவில்லை. கதையில் ஏழு வயதுச் சிறுமி காணாமல் போகிறாள். தெருவில் ஆளுக்கொரு ரகசியம். எல்லார் கண்ணும் எங்கள் வீட்டில் தனியாக வாழும் பாட்டு வாத்தியார்மேல்தான். வெள்ளிக்கிழமை சாயங்காலம் நாடகம் ஓடும் நேரமானால் வெளியே ஈ காக்கை இருக்காது. எனக்கென்னவோ கொஞ்சம் பெருமையாகத்தான் இருக்கிறது.

மார்ச் 6, வெள்ளி

இன்றைய பகுதியில் சிறுமியின் ஒற்றை ஷூ எங்கள் தோட்டத்துக் கொட்டகையில் கிடைத்துவிட்டது. "நம்ம கொட்டகைலயாடி?" என்று கூட இருக்கும் அக்கா என்னை முறைத்தாள், என்னமோ நான் கொண்டுபோய்ப் போட்ட மாதிரி.

முடிவு எனக்குத் தெரியும். கடைசிக் காட்சி எடுத்த அன்று அக்கா மருமகளின் பிரசவத்துக்குப் போயிருந்தாள். நான் மாடி ஜன்னலில் நின்று பார்த்தேன். அந்தச் சிறுமி ஒரு கால் வெறுங்காலாக எங்கள் பச்சைக் கதவைத் திறந்துகொண்டு வெளியே வருகிறாள். உயிரோடு. "வெளிய தெரிஞ்சா எங்க பொழப்பு போயிடும்க்கா" என்றார் இயக்குநர். வாக்குக் கொடுத்தேன். அக்காவிடம் சொல்வதும் தண்டோரா போடுவதும் ஒன்று. வாயை மூடிக்கொண்டிருக்கிறேன்.

மார்ச் 8, ஞாயிறு

எதிர்வீட்டு நர்ஸின் மகள், ஐந்து வயது வாண்டு, கேட்டில் தொங்கிக்கொண்டு கேட்டது: "அத்தை, அந்தப் பாப்பாக்கு சாப்பாடு குடுக்கறீங்களா?" விழுந்து விழுந்து சிரித்தேன். அது சிரிக்கவில்லை.

மார்ச் 10, செவ்வாய்

மழை. கடையில் ஈ ஓட்டினோம்.

மார்ச் 14, சனி

எழுதினாலாவது மனசு அடங்குகிறதா பார்க்கிறேன்.

மதியம் வாண்டைக் காணோம். நைட் ஷிஃப்ட் முடித்துவிட்டுத் தூங்கிய நர்ஸ் எழுந்து பார்த்தால் வீடு திறந்து கிடக்கிறது. தெருவே தேடியது. மூலை வீட்டு டிரைவர் எங்கள் கேட்டைக் காட்டி, "எதுக்கும் இந்த வீட்ட ஒரு தடவ பாத்துடலாம்" என்றார். யாரும் சிரிக்கவில்லை. நர்ஸும் என்னைப் பார்த்தாள் — அந்தப் பார்வை. எத்தனை வருஷப் பழக்கம்? ஒரு நாடகம் போதுமா இதுக்கு? வந்த கோபத்தில், "வாங்க, நல்லா பாருங்க" என்று கொட்டகைக் கதவை நானே படாரென்று திறந்தேன்.

உள்ளே வாண்டு.

பெயிண்ட் டப்பாக்களுக்கு நடுவில், ஒரு பிஸ்கட் பாக்கெட்டும் தண்ணீர் பாட்டிலுமாக உட்கார்ந்திருந்தது. "கூப்ட்டு கூப்ட்டுப் பாத்துட்டேன் அத்தை. வெளியவே வர மாட்டேங்குறா. பயப்படுறா போல."

பிஸ்கட்டில் ஒன்றைக்கூட அது தின்னவில்லை. நர்ஸ் தூக்கி அணைத்துக்கொண்டு அழுதாள். அப்புறம் என் கையைப் பிடித்தாள். டிரைவர் தலையைச் சொறிந்துகொண்டே போனார். போகட்டும், அவரும் தேடத்தானே வந்தார்.

மார்ச் 15, ஞாயிறு

"அவ பட்டினியா இருக்காளே" என்று வாண்டு சாப்பாட்டைத் தொடவில்லையாம். அதெல்லாம் நடிப்பு, நிஜமில்லை என்று நர்ஸ் சொன்னதற்கு, "அத்தை வீடு நிஜமாத்தானே இருக்கு?" என்று கேட்டதாம். பதில் சொல்லுங்கள் பார்ப்போம்.

சொல்லிவிடவா? கொடுத்த வாக்கு பெரிதா, குழந்தை வயிறு பெரிதா? நாக்கு நுனிவரை வந்துவிட்டது. கடைசியில் இவ்வளவுதான் சொன்னேன்: "எங்க பச்சைக் கதவ நான் பூட்டல. அவ எப்ப வேணா வரலாம். நீ சாப்பிட்டுக்கிட்டே பாத்துக்கோ."

இது வாக்கு மீறலா? இயக்குநர் வந்து கேட்கட்டும், பேசிக்கொள்கிறேன்.

மார்ச் 17, செவ்வாய்

எதிர் ஜன்னலில் ஒரு தட்டு, ஒரு கரண்டி, இரண்டு கண்கள்.

மார்ச் 27, வெள்ளி

கடைசிப் பகுதி. பாதித் தெரு எங்கள் கூடத்தில். டிரைவர் இருப்பதிலேயே நல்ல நாற்காலியைப் பிடித்துக்கொண்டார். வாண்டு மட்டும் டி.வி. பக்கமே வரவில்லை. கையில் தன் இடது ஷூவோடு வாசல் கதவை ஒட்டி உட்கார்ந்திருந்தது. அந்தப் பாப்பா ஒற்றைக் கால் ஷூவோடு வீட்டுக்குப் போகக் கூடாதாம்.

திரையில் பச்சைக் கதவு திறந்தது. "வந்துட்டாடி" என்று அக்கா கத்தினாள். அவ்வளவுதான், வாண்டு எங்கள் கதவைத் திறந்துகொண்டு ஓடியது. நானும் பின்னாலேயே ஓடினேன். தெருவில் ஒருவருமில்லை. என்ன சொல்லித் தேற்றுவது என்று நான் தவிப்பதற்குள் அது திரும்பிப் பார்த்தது. "போயிட்டா அத்தை. அவங்க அம்மாட்ட ஓடிட்டா. ஷூ கூட வாங்கிக்கல." முகமெல்லாம் சிரிப்பு. எனக்குத்தான் அழுகை வந்தது.

மார்ச் 28, சனி

"உனக்கு முன்னாடியே தெரியும்ல?" என்று கேட்டதோடு சரி, அக்கா பேசவில்லை. ஒருநாள் நிம்மதி.

ஏப்ரல் 2, வியாழன்

கதவுக்குப் பழைய நிறத்தையே அடித்துத் தர ஆள் அனுப்பியிருந்தார்கள். டீ கொடுத்துத் திருப்பி அனுப்பிவிட்டேன். பச்சையே இருக்கட்டும்.

நர்ஸ் தூங்கும் பகல்களில் வாண்டை இப்போது இங்கேதான் விட்டுவிட்டுப் போகிறாள். அவளே வந்து கேட்டாள்.

கடையில் ஒருவர், "உங்க வீட்லதானே அந்தப் பொண்ணு இருந்தா?" என்றார்.

"இப்பவும் இருக்கா சார்" என்றேன். "இந்நேரம் எங்க அக்கா பக்கத்துல தூங்கிட்டிருப்பா."