அக்கா கழற்றிய கேபிள்

வெள்ளி, இரவு

மண்டூர்த் துறையில் பாதைப் படகிலிருந்து எங்கள் வான் வண்டியை இறக்கும்போது அக்காவின் இடது கால் நடுங்கியதைக் கண்டேன். ஒரு வாரமாகக் கிளட்ச் பெடல் அப்படி இறுகிக் கிடக்கிறது. கிளட்ச் முழுவதையும் மாற்ற வேண்டும் என்றார் கராஜ்காரர். அதற்கு வழியில்லை என்று அம்மா வானை விற்க ஆள் பிடித்துவிட்டார். வான் போனால் பள்ளிப் பிள்ளைகளை ஏற்றும் அக்காவின் வேலையும் போய்விடும்.

பின்னேரம் அக்கா, பெடலைக் கிளட்ச்சோடு இணைக்கும் கேபிளைக் கியர்பெட்டிப் பக்கம் கழற்றிவிட்டு என்னைக் கூப்பிட்டாள்.

"இப்ப பெடல அமத்து புள்ள."

அப்போதும் இறுக்கம்தான்.

"அப்ப கிளட்ச்சில பிழையில்லகா. கேபிள்தான்" என்றாள் அக்கா.

பாதைப் படகில் தினமும் தெறிக்கும் உப்புத்தண்ணீரில் உள்கம்பி துருப்பிடித்திருந்தது. புதுக் கேபிள் வாங்கி வந்து அக்காவே பூட்டினாள்.

"கராஜ்காரனுக்குத் தெரியாதது உனக்குத் தெரியுமாக்கும்" என்றார் அம்மா.

"கையால அமத்திப் பாருங்கம்மா."

அம்மாவின் கைக்கே பெடல் இறங்கியது. அம்மா இன்னொரு முறையும் அழுத்திப் பார்த்தார். அக்கா கிறீஸ் கையோடு சிரித்தாள். எவ்வளவு கெட்டிக்காரி! அதை அவளிடம் சொல்ல எனக்கு வெட்கம்.

தெரியாத ஆட்களோடு போனில் பேசவும் எனக்கு வாய் வராது. ஆனாலும் வான் வாங்க இருந்தவருக்கு நானே எடுத்து, "நாங்க விக்கல்ல" என்றேன்.