இண்டைக்கு என்ன கறி, மாமி?

இயேசு மரி சூசை துணை

குருநகர்,
யாழ்ப்பாணம்.
18.06.2025

அன்புள்ள மருமகன் ஜெரோசனுக்கு,

உன் மாமி யோசப்பின் எழுதிக்கொள்வது. நானும் மாமாவும் உன் மச்சாள் ஜெயனியும் சுகமாக இருக்கிறோம். நீ சுகமோ என்று கேட்க மாட்டேன். பன்னிரண்டு நாளாகப் போன் எடுக்காதவனிடம் சுகம் கேட்டு என்ன பிரயோசனம்? ஆனபடியால்தான் கடிதம். ஸ்காபரோவில் சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் நீ படித்த அளவுக்கு விளங்கட்டும் என்று எழுத்தைப் பெரிதாக எழுதுகிறேன். எழுத்துக் கூட்டி ஆறுதலாக வாசி. ஜெயனி இதைப் படம் எடுத்து இன்றைக்கே உனக்கு அனுப்புவாள். ஆனாலும் தாளைத் தபாலிலும் போடுவேன். போனில் வந்தது போனோடு போய்விடும்.

முதலில் ஊர்ப் புதினம். வெயில் இந்த முறை ஆளைப் பொரிக்கிறது. சோளகக் காற்றும் பிடித்துவிட்டது, போன கிழமை மாமாவின் தொப்பியைக் கடல் வாங்கிக்கொண்டது. நண்டு பரவாயில்லை, இறால் குறைவு. யாகப்பர் கோவிலுக்குப் பெருநாள் வருகுதென்று வெள்ளை அடிக்கிறார்கள். ஜெயனிக்குத் தெல்லிப்பழை ஆஸ்பத்திரிக்கு மாற்றம் கிடைத்திருக்கிறது. நாள் முழுக்க நோயாளிகளோடு நின்றுவிட்டு பஸ்ஸில் இடிபட்டு வருகிறாள். உடம்பு களைத்தாலும் வாய் களைக்கவில்லை.

அந்த வாயைப் பற்றித்தான் எழுத வேண்டும். நான் எட்டு வருஷமாக மீன் தொடாமல் இருக்கிறேன் என்றும், நீ அமெரிக்காவின் பெரிய கூடைப்பந்து, அந்த என்.பி.ஏ.யில் விளையாடும்வரை தொடுவதில்லை என்று நேர்த்தி வைத்திருக்கிறேன் என்றும் அவள் உனக்குச் சொல்லிவிட்டாள். ஏனடி சொன்னாய் என்று கேட்டால், கதையோடு கதையாக வந்துவிட்டதாம்.

அவள் சொன்னதைவிட, அதைக் கேட்டு நீ செய்யப் போவதுதான் எனக்குப் பெரிய கோபம். ஜேர்மனியில் மூன்று வருஷமாக விளையாடுகிற அந்தச் சின்னப் பட்டணத்துக் கழகம், இன்னும் இரண்டு வருஷம் தலைவனாக இரு, பிறகு எங்கள் இளம் பிள்ளைகளைப் பழக்கு என்று உன்னைக் கேட்டிருக்கிறது. நீயும் சந்தோசமாகத்தான் இருந்தாய். வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துப் போட வேண்டும். இப்போது என்னடா என்றால், அதை விட்டுவிட்டு அமெரிக்காவில் என்.பி.ஏ.க்கு ஆள் பார்க்கிற ஏதோ ஒரு முகாமுக்குப் போகப் போகிறாயாம். முப்பது பேர் போய் ஓர் இடத்துக்கு அடிபடுகிற முகாம். ஒரு வாக்குறுதியும் இல்லை. முப்பது வயதும் வெட்டித் தைத்த முழங்காலுமாக ஏன் போகிறாய் என்று ஜெயனி கேட்டதற்கு, மாமி மீன் சாப்பிட வேணுமல்லோ என்றாயாம். அன்றைக்கு வந்த கோபத்தில் சோறு குழைந்துவிட்டது.

நீயும் என்னோடு கோபம் என்று தெரியும். ஒவ்வொரு ஞாயிறும் போன் எடுத்து, சுகமோ மாமி, இண்டைக்கு என்ன கறி மாமி என்று கேட்பாய். நான் மீன்குழம்பு, மீன்பொரியல் என்று அளந்துவிடுவேன். எனக்கும் வேணும் என்று நீ சிரிப்பாய். கறி உண்மைதான், மாமாவுக்குச் சமைக்காமல் இருக்க முடியுமே? நான் சாப்பிட்டேன் என்பதுதான் பொய். எட்டு வருஷம் பொய் சொன்னதற்கு உன்னிடம் மன்னிப்புக் கேட்கிறேன். அதற்கு மட்டும்தான் கேட்கிறேன்.

நேர்த்தி வந்த விதத்தையும் சொல்லிவிடுகிறேன். உன் அப்பா, என் சிமியோன் அண்ணை, அந்த வருஷம் மாசியில் செத்தார். நீ அமெரிக்காவில் கடைசி வருஷம் படித்துக்கொண்டிருந்தாய். செத்தவீட்டுக்குக் கனடா வர விசா கேட்டேன், தரவில்லை. என்னைச் சைக்கிள் பாரில் ஏற்றிப் பள்ளிக்கூடம் கொண்டுபோன அண்ணையின் பெட்டியை நான் போனில்தான் பார்த்தேன், அதுவும் படம் நின்று நின்று. அங்கே உன் அம்மா யசிந்தா தனிய நின்று அழுகிறா, இங்கே எனக்குச் செய்ய ஒரு வேலையும் இல்லை. அண்ணைக்குத்தான் ஒன்றும் செய்ய முடியவில்லை, அண்ணையின் பிள்ளைக்காவது செய்வோம் என்று அந்தோனியாரிடம் போனேன். உன் பெயரை ஒரு துண்டில் எழுதிக் காலடியில் வைத்து, அந்தப் பெரிய இடத்துக்கு இவனை எடுக்கும்வரை மீன் தொடமாட்டேன் என்று சொன்னேன். ஆனி மாதம் கழகங்கள் புதுப் பெடியங்களைப் பெயர் வாசித்து எடுக்கிற தெரிவு, நாலு மாதத்தில் முடிந்துவிடும் என்றுதான் நினைத்தேன்.

தெரிவு நடந்த அந்தக் காலமை இங்கே எப்படி இருந்தது என்று உனக்குத் தெரியாது. கனடாவில் முதல்நாள் இரவு, எங்களுக்கு விடிந்துகொண்டு வருகிறது. மாமா கடலுக்குப் போகவில்லை. அயல் சனம் எல்லாம் வந்து ஜெயனியின் போனைச் சுற்றிக் குந்தியிருந்தது. ஒவ்வொரு பெயராக வாசிக்க வாசிக்க மாமா விரல் மடக்கினார். கடைசியான அறுபதாவது பெயரும் போன பிறகும் நாங்கள் எழும்பவில்லை, இன்னும் இருக்கும் என்று நினைத்தோம். பிறகு நீ போன் எடுத்து அழுதாய். சாப்பிட்டியோ ராசா என்று மட்டும் கேட்டேன்.

இனிச் சொல்லப் போவதை வாசித்துச் சிரிக்கக் கூடாது. மாமாவின் சங்கத்தில், கடலில் கம்பு நட்டு வலை கட்டுகிற இடங்களை வருஷா வருஷம் திருவுளச்சீட்டுப் போட்டுத்தான் கொடுப்பார்கள். சீட்டு விழாதவனுக்கு அடுத்த வருஷம் முதல் உரிமை. உன்னுடையதும் அப்படித்தான் என்று நாங்கள் எல்லோரும் நினைத்துவிட்டோம். இந்த முறை விழாத பெடியனுக்கு அடுத்த முறை முதல் பெயராக விழும் என்று மாமா சங்கத்தில் அடித்துச் சொல்லிவிட்டார். அடுத்த ஆனியிலும் சனம் வந்தது. நான் றோல்ஸ் பொரித்து, தேத்தண்ணி ஊற்றி வைத்திருந்தேன். முதல் பெயர் உன்னுடையது இல்லை என்றதும் மாமா, உவங்களுக்குச் சங்கம் நடத்தத் தெரியாது என்று பேசிக்கொண்டு எழும்பிப் போனார். மூன்றாம் வருஷமும் றோல்ஸ் பொரிக்கத் தொடங்கின பிறகுதான் ஜெயனி அழுதுகொண்டு உண்மையைச் சொன்னாள். அந்தச் சீட்டு ஒருவனுக்கு ஒருமுறைதானாம். அவளுக்கு முதலே தெரியுமாம், யசிந்தாவுக்கும் தெரியுமாம். உனக்கும் தெரியும்தானே? அடுத்த முறை பார்ப்பம் ராசா என்று நான் சொன்ன நேரமெல்லாம் ஓம் மாமி, ஓம் மாமி என்று கேட்டுக்கொண்டிருந்தாயே.

ஆனாலும் நேர்த்தியை நான் விடவில்லை. சீட்டில்லாமலும் எடுப்பார்கள் என்று ஜெயனி சொன்னாள், அதைப் பிடித்துக்கொண்டேன். குருநகரில் மீன் விற்கிறவள் மீன் தின்னாமல் இருந்தால் என்ன பாடு என்று நினைக்கிறாய்? உப்புப் பார்க்கவும் ஜெயனியைக் கூப்பிட வேண்டும். மீனும் நண்டும் போட்டுக் கூழ் காய்ச்சுகிற நாளில் நான் கோவிலுக்குப் போய்விடுவேன், அந்த வாசத்தில் வீட்டில் இருக்க முடியாது. சுன்னாகத்திலிருந்து மரக்கறி கொண்டுவருகிற இராசமலர் என்னைக் கண்டால் ஒரு கத்தரிக்காய் கூடப் போடுவாள், அப்படி ஒரு வாடிக்கை.

நீ போன ஊர்களின் பெயரை ஜெயனி ஒரு பழைய கலண்டரின் பின்பக்கத்தில் எழுதிக் குசினிக் கதவில் ஒட்டியிருக்கிறாள். பனி கொட்டுகிற ஓர் அமெரிக்கப் பட்டணம், இரண்டு மாதத்தில் போகச் சொல்லிவிட்டார்கள். பிறகு சைப்பிரஸ். பிறகு ருமேனியா. பிறகு போலந்து, அங்கேதான் முழங்கால் போனது. ஒரு வருஷம் யசிந்தா வீட்டில் காலை நீட்டிக்கொண்டு இருந்தாய். எழும்பி நடந்து, கோடையில் கனடாவிலேயே விளையாடி, பிறகு ஜேர்மனி. நான் வெங்காயம் உரிக்கும்போது அந்தப் பெயர்களை வாசிப்பேன். இவ்வளவு ஊரிலும் இவனுக்கு ஆர் சமைத்துக் கொடுத்தது என்றுதான் யோசிப்பேன்.

போன மாதம் நீங்கள் மேல் பிரிவுக்கு ஏறின ஆட்டத்தை மாமா போனில் ஏழு தரம் பார்த்தார். அந்த மண்டபம் முழுக்க வெள்ளைக்காரச் சனம் எழும்பி நின்று ஜெ-ரோ-சன் என்று கத்துகிறது. எங்கள் பங்குக் கோவிலில் வைத்த பெயர்! அண்ணை இதைப் பார்க்கவில்லையே என்று நான் சீலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டேன். அங்கே பேக்கரிக்காரி உனக்கென்று பாண் எடுத்து வைக்கிறாள் என்றும் ஒருநாள் சொன்னாய். அது எனக்கு அந்த மண்டபத்தைவிடப் பெரிதாகப் பட்டது.

நீ முகாமுக்குப் போகிறாய் என்று கேட்டதும் மாமா வலையைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார், உவன் ஏன் இன்னும் சீட்டைப் பாத்துக்கொண்டு நிக்கிறான் என்று. ஒரு வருஷம் அவருக்குச் சீட்டு விழவில்லை. வீட்டில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இருந்தார். சீட்டு விழுந்த மூன்று பேர் ஒருவர் பின் ஒருவராக வாசலுக்கு வந்தார்கள். நீக்கிலாப்பிள்ளை அண்ணை, நீங்கள் நட்ட கம்பு எந்தக் காற்றுக்கும் அசையாது, நீங்கள்தான் வந்து நட்டுத் தரவேணும் என்று கேட்டார்கள். சீட்டைக் கண்ணை மூடிக்கொண்டு எடுக்கிறது, தேடி வாறவன் கண்ணைத் திறந்துகொண்டு வாறான், எது பெரிசு எண்டு ஜெரோசனிட்டைக் கேள் என்றார் மாமா. உன் மாமா வருஷத்துக்கு ஒருமுறைதான் இவ்வளவு கதைப்பார், ஆனபடியால் அப்படியே எழுதியிருக்கிறேன்.

இனி என் மனதில் இருப்பதையும் எழுதிவிடுகிறேன். நேற்றுச் செவ்வாய், அந்தோனியார் நவநாள் முடிய பாதரிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். அவர், இந்த நேர்த்தி யாருக்காக என்று கேட்டார். மருமகனுக்காக என்றேன். அவர் அதையே திரும்பவும் கேட்டார். எனக்கு அழுகை வந்துவிட்டது. ஜெரோசன், அது உனக்காக இல்லை. முதல் நாலு மாதம் உனக்காகத்தான். அதற்குப் பிறகு அண்ணைக்காக. ஒவ்வொரு மத்தியானமும் மீன் சட்டியைத் தள்ளி வைக்கும்போது அண்ணையை நினைப்பேன். திரும்பவும் மீன் சாப்பிடத் தொடங்கினால் அண்ணை முழுதாகப் போய்விடுவார் என்று பயந்தேன். செத்தவீட்டுக்குப் போக முடியாதவள், அந்தச் செத்தவீட்டை எட்டு வருஷம் என் சோற்றுக் கோப்பையில் நடத்தியிருக்கிறேன். அதை உன் தலையில் கட்டப் பார்த்தது ஜெயனியும் இல்லை, நீயும் இல்லை, நான்தான்.

பாதர் நேர்த்தியை மாற்றித் தந்தார். அண்ணையின் பெயரால் வயோதிபர் இல்லத்துக்கு ஒருநாள் மீன்கறியோடு சோறு கொடுக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை கொடுக்கிறோம். மாமா நல்ல விளைமீனாகப் பார்த்துச் சொல்லிவிட்டார்.

இவ்வளவும் எழுதிவிட்டு, பேனையை வைத்துவிட்டுக் குசினிக்குப் போய்ச் சாப்பிட்டுவிட்டு வருகிறேன்.

வந்துவிட்டேன். மாமாதான் போட்டார், அறக்குளா மீனில் நடுத்துண்டு. ஜெயனி வேலைக்குப் போகாமல் நின்று பார்த்தாள். முதல் வாய் வைத்ததும் கண்ணீர் வந்தது, அது பரவாயில்லை. இரண்டாவது வாயில் தொண்டையில் முள் குத்திவிட்டது! குருநகரில் பிறந்து வளர்ந்த எனக்கு! எட்டு வருஷத்தில் முள் எடுக்கிற பழக்கம் விட்டுப்போச்சு. மாமா சோற்றை உருட்டித் தந்து விழுங்கச் சொல்ல, ஜெயனி முதுகில் அடிக்க, நான் இரும, மூன்று பேரும் சிரித்த சிரிப்பில் அடுத்த வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். முள் இறங்கிவிட்டது. அண்ணை எங்கேயும் போகவில்லை, பக்கத்தில் இருந்து சிரித்ததுபோலத்தான் இருந்தது.

ஆனபடியால் ராசா, இனி உனக்கு அந்தச் சாட்டு இல்லை. முகாமுக்குப் போக உனக்கே ஆசை என்றால் போ, உன் கால் நோகாமல் இருக்க நான் செபமாலை சொல்லுவேன். உனக்கு ஆசை அந்தப் பட்டணத்தில் என்றால் வெள்ளிக்கு முன் கையெழுத்தைப் போடு. எதையும் மாமிக்காகச் செய்யாதே. பெருநாளுக்கு வந்தாலும் சரி, வராவிட்டாலும் உன்னை ஒன்றும் சொல்லமாட்டேன். வந்தால் வாசலில் தலையைக் குனிந்து வா, கடைசியாக வந்தபோது உன் அப்பாவும் நிலையில் இடித்துக்கொண்டவர்.

கடவுளும் மாதாவும் உன் முழங்காலையும் மனதையும் காக்கட்டும். யசிந்தாவுக்கு எங்கள் அன்பைச் சொல்லு.

இதை வாசித்து முடித்ததும் ஒரே ஒரு வேலை செய். ஞாயிறு வரைக்கும் பார்க்காமல் போன் எடு. சுகம் கேட்க வேண்டாம். இண்டைக்கு என்ன கறி மாமி என்று மட்டும் கேள். இந்த முறை உண்மை சொல்லுவேன்.

உன் அழைப்புக்காகப் போனுக்குப் பக்கத்திலேயே இருக்கும்
மாமி
யோசப்பின்