துறைக்குத் தண்ணீர் ஏறிய காலை

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே அப்பா, அக்கா, அத்தான், நான் எல்லோரும் நன்றாக இருக்கிறோம், நீயும் அங்கே அதேபோல் இருந்தால் எங்களுக்கு அது போதும். குளிர்கிடங்கு வேலையில் இருமல் பிடித்துக்கொண்டது என்றாயே, காதை மூடிக்கொண்டு போ, தலையில் துணி கட்டினால் உன் அழகு ஒன்றும் குறைந்துவிடாது. இங்கே நடந்ததைப் போனில் சொல்லப் பார்த்தேன், அழுகைதான் வந்தது, அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன்.

பாலம் கட்டும்போது லாரி போவதற்குக் கடல் தண்ணீர் உள்ளே வரும் நம் உப்பங்கழியின் குறுக்கே மண்ணைக் கொட்டிச் சாலை போட்டார்களே, பாலம் முடிந்தும் அதை எடுக்காமல் விட்டதால்தானே நம் பக்கம் தண்ணீர் செத்துப்போய் நீயும் கிளம்பினாய், அந்த மண்ணை எடுத்துவிட்டார்கள் தம்பி. வழக்கில் நம் மீனவர் சங்கம் ஜெயித்தது, ஆனால் பாதிதான். உள்ளே இருப்பது கழியே இல்லை, வெறும் குட்டை, குட்டையில் மீன்காரருக்கு என்ன உரிமை, தூர்த்துக் கிடங்கு கட்டிக்கொள்கிறோம் என்று பாலத்துக் கம்பெனி அடம்பிடித்தது. மண்ணை எடுத்த பிறகு நம் படகுத்துறைவரை கடல் ஏறினால் கழி நமக்கு, ஏறாவிட்டால் அவர்களுக்கு என்று தீர்ப்பு. அதை நேரில் பார்க்க நீதிமன்றம் ஓர் அதிகாரியம்மாவை அனுப்பியது.

கடைசி மண்ணை எடுத்த அன்று அப்பா விடியும் முன்பே எழுந்து, கல்யாண வீட்டுக்குப் போகிறவர் மாதிரி படகைக் கழுவித் துடைத்துத் துறையில் கொண்டுபோய்க் கட்டினார். எல்லோரும் கரையில் நின்றோம். மண்ணை வாரி முடித்தும் ரொம்ப நேரம் ஒன்றும் நடக்கவில்லை, கம்பெனி ஆள் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார். முதலில் வாடைதான் வந்தது, கடல் வாடை. பிறகு வருஷக்கணக்காக ஒரே இடத்தில் கிடந்த பாசி மெல்ல உள்பக்கமாக நகர்ந்தது, அதன் பின்னால் நுரை, நுரைக்குப் பின்னால் பொடி மீன்கள் துள்ளித் துள்ளி வந்தன. தினமும் கடலைப் பார்க்கிறவள்தான் நான், ஆனாலும் அது நம்மைத் தேடி நம் வாசலுக்கு வருவதைப் பார்த்ததும் உடம்பெல்லாம் சிலிர்த்து, கை தானாகக் குவிந்துவிட்டது.

தண்ணீரைப் பார்த்த மலைப்பில் படகை யாரும் பார்க்கவில்லை. அசையாத தண்ணீரில் கட்டிக் கட்டிப் பழகிய கை, உன் அப்பா கயிற்றில் ஒரு சாண்கூடத் தளர்வு விடாமல் கம்பத்தின் அடியில் இறுக்கி முடிந்திருக்கிறார். தண்ணீர் ஏற ஏறப் படகு ஏற முடியாமல் மூக்கு முங்கி உள்ளே தண்ணீர் புகுந்துவிட்டது. அப்பா வேட்டியோடு குதித்துக் கயிற்றை அறுத்தார். இத்தனை வயசாகியும் இவருக்குப் படகு கட்டத் தெரியாதா என்று அதிகாரியம்மா என்னிடம் கேட்டார். தெரியும்மா, தண்ணி ஏறும்கிறதுதான் மறந்துபோச்சு என்றேன். அந்த அம்மா சிரிக்கவில்லை. பிறகு கம்பெனி ஆளைக் கூப்பிட்டு, துறைவரை ஏறிவிட்டது, நீங்களே பார்த்தீர்கள் என்று சொல்லிவிட்டார். நனைந்த கோழி மாதிரி நின்ற உன் அப்பா என்னைப் பார்த்துச் சிரித்தார், அந்தச் சிரிப்பை நான் பார்த்து எத்தனை காலம் ஆகிறது.

இருமலுக்கு மருந்து வாங்கிக்கொள், இல்லாவிட்டால் நானே அங்கு வந்து நின்றுவிடுவேன். எங்கே இருந்தாலும் நோய்நொடி இல்லாமல், வயிறும் மனசும் நிறைந்து நீ நன்றாக இருக்க வேண்டும். ஒன்று சொல்ல வேண்டும். கழியில் வலை போட வீட்டுக்கு ஓர் இடம் பிரிக்கிறார்கள், அப்பாவுக்குப் பிறகு உங்கள் வீட்டில் யார் என்று சங்கத்தில் கேட்டார்கள். அப்பா என் முகத்தைப் பார்த்தார். நீ வருவாய் என்று நான் சொல்லவில்லை, வரமாட்டாய் என்றும் சொல்லவில்லை. தண்ணீர் வந்துவிட்டது, அவனுக்கு எழுதுகிறேன் என்று மட்டும் சொன்னேன்.

உன் அம்மா